அஞ்சலாட்சி கேட்டது சினிமா கொட்டாய் அல்ல

1

மே மாதத்தின் முதல் திங்கட்கிழமை இந்த நாட்டில் விடுமுறை. எதற்கு என்று கேட்டால் பக்கத்து வீட்டுக்காரருக்கே தெரியவில்லை. கடைகளில் பூச்செடிகளுக்குத் தள்ளுபடி போட்டிருக்கிறார்கள். வட இங்கிலாந்தின் ஒரு சின்ன நகரத்தில், சமையலறை மேசையில் உட்கார்ந்துகொண்டு ஊரில் இருக்கும் உங்களுக்கு இதை எழுதுகிறேன். கோபம் இன்னும் அடங்கவில்லை. அதனால் எழுத்து முன்னே பின்னே இருக்கும்.

போன வருடம் மே ஒன்றாம் தேதி, மரக்காணத்துக்குப் பக்கத்தில் எங்கள் கிராமத்தில் நடந்த கிராம சபையில் ஒரு பெண் எழுந்து நான்கு நிமிடம் பேசினாள். அந்த நான்கு நிமிடத்தை இரண்டு நாடுகளில் எப்படிக் கையாண்டார்கள் என்பதுதான் விஷயம்.

2

கல்யாணமாகி இங்கே வந்து பத்தொன்பது வருடம். காலையில் ஒரு பள்ளிக்கூடச் சமையலறையில் வேலை. புதுச்சேரியில் படித்த தமிழ் எம்.ஏ. பட்டத்துக்கு உருளைக்கிழங்கு வேகவைப்பதில் பெரிய பயன் இல்லை. போன நவம்பரில் ஒரு பல்கலைக்கழகத்தில் தமிழ் ஒலிப்பதிவுகளைக் கேட்டு எழுதி மொழிபெயர்க்க ஆள் தேவை என்று தெரிந்து விண்ணப்பித்தேன். வீட்டிலிருந்தே செய்யலாம். கிடைத்துவிட்டது.

அந்த ஆய்வை நடத்தியவர் கேத்தரின் என்ற பேராசிரியை. மானுடவியல் என்றால் மலைவாசிகளோடு போய்த் தங்குவது என்றுதான் நான் நினைத்திருந்தேன். இவர் தங்கியது இங்குள்ள நாடாளுமன்றத்தில். உறுப்பினர்களின் பின்னாலேயே பல வருடம் அலைந்திருக்கிறார். மேடைப் பேச்சு அவருக்கு முக்கியமில்லை. யார் யாரை எந்தக் கதவருகில் மடக்கிப் பேசுகிறார்கள், தொகுதிக்காரர் கொண்டுவரும் கடிதத்தை முதலில் பிரிப்பது யார், ஒரு கோரிக்கை எந்த மேசையில் ஊறிக் கிடக்கிறது, இதையெல்லாம்தான் குறித்துவைப்பார். "அரசியல் என்பது தினசரி வேலை. வீட்டு வேலை மாதிரி. செய்தால் கண்ணுக்குத் தெரியாது, செய்யாவிட்டால்தான் தெரியும்" என்று முதல் நாளே சொன்னார். எனக்குப் பிடித்துப் போய்விட்டது. இங்கே உள்ள பெரிய சபையையும் நம் பக்கத்துச் சிறிய சபைகளையும் ஒரே தட்டில் வைத்துப் பார்க்கப் போகிறாராம்.

உற்சாகத்தில் என் அப்பாவைப் பற்றிச் சொன்னேன். அப்பா மரக்காணத்தில் உப்பளம் குத்தகைக்கு எடுத்து நடத்தியவர். காலையில் எங்கள் வாசலில் பத்துப் பேராவது நிற்பார்கள். ரேஷன் கார்டு, ஆஸ்பத்திரிச் சீட்டு, போலீஸ் ஸ்டேஷன் என்று எல்லாவற்றுக்கும் அப்பாதான் ஒரு வார்த்தை சொல்லி விடுவார். "எங்கள் வீடே ஒரு நாடாளுமன்றம்" என்றேன். கேத்தரின் அதைக் குறித்துக்கொண்டார். எனக்குப் பெருமையாக இருந்தது.

3

முதலில் கொடுத்த வேலை, முன்பு யாரோ செய்திருந்த மொழிபெயர்ப்பைச் சரிபார்ப்பது. கோப்பில் ஊர்ப் பெயர் இல்லை, எண்தான். பேசுபவர்களுக்கும் எண்தான். ஆனால் மைக்கில் தலைவர் "எல்லாம் உக்காருங்கப்பா, கையெழுத்துப் போட்டவங்க இந்தப் பக்கம் வந்துடுங்க" என்று சொன்னதுமே, அந்தக் குரலை வைத்தே அது எங்கள் ஊர்ப் பள்ளிக்கூடம் என்று தெரிந்துவிட்டது. கடல் காற்று மைக்கில் மோதுகிற சத்தம்கூடத் தெரிந்ததாகத்தான் இருந்தது.

'பெண் பேச்சாளர் 7' பேசத் தொடங்கினார்.

"அய்யா, நாங்க விடியறதுக்கு முன்னாடி அளத்துக்குப் போறோம். வெயில் ஏறிச்சின்னா உப்பு கண்ணக் கூசுது, கண்ணு தெறக்க முடியல. சுத்தி பாத்தியாத்தான் இருக்குது. ஒரு மரம் கெடையாது, ஒரு பொதரு கெடையாது. பொம்பளைங்க நாங்க தண்ணியே குடிக்கறது இல்ல. குடிச்சா போவணும். எங்க போறது? போன வாரம் குப்பம்மா பாத்தியிலயே மயங்கி விழுந்துட்டா. ஆஸ்பத்திரில இன்னா சொல்றாங்க? தண்ணி நெறைய குடிங்கன்றாங்க. நாங்க ஒதுங்கறதுக்கு ஒரு எடம் கட்டிக் குடுங்க. நெழலுக்கு ஒரு கொட்டா போட்டுக் குடுங்க. வேற ஒண்ணும் கேக்கல."

நடுவில் ஒரு ஆண் குரல், "அஞ்சலாட்சி, சீக்கிரம் முடி" என்கிறது. அவள் முடிக்கவில்லை. கடைசிவரை பேசினாள். தலைவர், "சரிம்மா, தீர்மானத்துல ஏத்திக்கலாம். எல்லாரும் இன்னா சொல்றீங்க?" என்று கேட்கிறார். "ஏத்துங்க, ஏத்துங்க" என்று கூட்டம் கத்துகிறது. கைதட்டல்.

இனி இதன் ஆங்கில மொழிபெயர்ப்பைச் சொல்கிறேன். ஒதுங்கும் இடம் என்பது 'தனிமையில் இருக்க ஒரு மூலை' ஆகியிருந்தது. கொட்டாய் என்பது, ஏதோ அகராதியில் பார்த்தார்கள் போல, 'சினிமா தியேட்டர்' ஆகியிருந்தது. தண்ணீர் குடிக்காத விஷயம் 'தெளிவாக இல்லை' என்று அடைப்புக்குறிக்குள் போயிருந்தது.

அதோடு நின்றிருந்தாலும் பரவாயில்லை. கேத்தரினின் கட்டுரை வரைவில் இது மேற்கோளாக ஏறியிருந்தது. உப்பளத் தொழிலாளி ஒருவர் தனிமைக்கு ஓர் இடமும் ஒரு திரையரங்கும் கேட்டாராம். தேவைகளைப் போலவே கனவுகளையும் பேச கிராம சபை இடம் தருகிறதாம். அதை ஏற்கெனவே ஒரு மாநாட்டில் வாசித்தும் இருந்தார். "அந்த இடத்தில் எல்லாரும் அன்போடு சிரித்தார்கள்" என்று கேத்தரின் பிறகு என்னிடம் சொன்னார்.

அன்போடு! நான் ஹெட்போனைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு அடுப்படியில் போய் நின்றேன். மூத்திரம் போக ஓர் இடம் கேட்ட பெண்ணைப் பார்த்து, எங்கோ குளிரூட்டப்பட்ட அறையில் நூறு பேர் அன்போடு சிரித்திருக்கிறார்கள்.

4

கேத்தரினிடம் சொன்னேன். அவர் முகம் வெளுத்துவிட்டது. கெட்டவர் இல்லை, அதையும் சொல்ல வேண்டும். இறுதி வடிவத்தில் திருத்துவதாகச் சொன்னார். மாநாட்டில் சிரித்தவர்களிடம் யார் திருத்துவது என்று கேட்க என் ஆங்கிலம் அந்த நேரத்தில் வரவில்லை.

நான் செய்யக்கூடாத ஒன்றைச் செய்தேன். கேட்டதை வெளியே சொல்ல மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டிருந்தேன். ஆனாலும் மரக்காணத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருக்கும் என் தம்பி முருகையனுக்குப் போன் செய்து, அஞ்சலாட்சியைக் கண்டுபிடித்துப் பேசவைக்கச் சொன்னேன். அந்தக் கொட்டாய் கட்டியாயிற்றா என்று தெரிந்துகொள்ளாமல் எனக்கு இருப்புக் கொள்ளவில்லை.

இரண்டு நாள் கழித்து அவன் கடையிலிருந்தே வீடியோவில் வந்தாள். ஐம்பதைத் தாண்டிய முகம். வெள்ளை வெயிலைப் பார்த்துப் பார்த்து இடுங்கிப் போன கண்கள்.

"கட்டுனாங்களாவா? நல்லாக் கேட்ட போ. தீர்மானமே போடலன்றாங்க. புக்குல இல்லியாம். நான் போயி கேட்டா கிளார்க்கு சொல்றாரு, 'நீ பேசுன, சரி. யாரு பாஸ் பண்ணாங்க?'ன்றாரு. தலைவரு எனக்கு ஞாபகமே இல்லன்றாரு. நாங்க மொதல்லயே வெத்துப் பேப்பருல கையெழுத்துப் போட்டுட்டோம். அப்பறம் அவங்க எழுதுறதுதான எழுத்து?"

"எல்லாரும் 'ஏத்துங்க'ன்னு சொன்னாங்களே" என்று வாய் தவறிச் சொல்லிவிட்டேன்.

அவள் போனுக்கு நெருங்கி வந்தாள். "உனுக்கு எப்பிடித் தெரியும்?"

சொன்னேன். பாண்டிச்சேரியிலிருந்து ஒரு பெண் வந்து ரெக்கார்டு செய்ததும், எல்லாரிடமும் கையெழுத்து வாங்கியதும் அவளுக்கு நினைவிருந்தது. "உங்க கொரலு பத்தரமா இருக்கும்னு சொல்லிச்சி அந்தப் பொண்ணு. பத்தரமா இருக்குதில்ல? அப்ப எடுத்துக் குடு."

பிறகு என்னை உற்றுப் பார்த்தாள். "நீ யாரு ஊட்டுப் பொண்ணு?"

அப்பா பெயரைச் சொன்னேன். அவள் சிரித்தாள். சந்தோஷமாகச் சிரிக்கவில்லை.

"மொதலாளி பொண்ணா நீ! உங்கப்பா அளத்துல பதினோரு வருசம் வேலை செஞ்சேன் பாப்பா. அவருகிட்டயும் இதத்தான் கேட்டோம். உப்புத் தண்ணி எறைக்கற இன்ஜினு வெயில்ல கெட்டுடும்னு அதுக்கு ஒரு கொட்டா போட்டாரு. எங்களுக்குப் போடல. அந்த நெழல்ல போயி நின்னாக்கூட டீசல் திருட வந்தியான்னு கேப்பாரு."

அந்தக் கொட்டாயை எனக்குத் தெரியும். சின்ன வயதில் அப்பாவின் டி.வி.எஸ். ஐம்பதில் போய் அதற்குள் உட்கார்ந்து இளநீர் குடித்திருக்கிறேன். வெளியே வரிசையாக உப்பு வாரிக்கொண்டிருந்த பெண்களைப் பார்த்திருக்கிறேன். அவர்கள் எங்கே ஒதுங்குவார்கள் என்று ஒரு நாளும் தோன்றியதில்லை. வாசலில் வந்து நின்ற பத்துப் பேரை மட்டுமே எண்ணி, எங்கள் வீடே நாடாளுமன்றம் என்று ஒரு வெள்ளைக்காரப் பேராசிரியையிடம் பீற்றிக்கொண்டிருக்கிறேன். அந்தப் பத்துப் பேரில் பெண் ஒருத்தியாவது இருந்தாளா? எவ்வளவு யோசித்தும் ஒரு முகம்கூட நினைவுக்கு வரவில்லை.

5

அஞ்சலாட்சிக்காக எழுதிக் கேட்டேன். ஒலிப்பதிவைத் தர முடியாது என்றது பல்கலைக்கழகத்தின் நெறிமுறை அலுவலகம். பங்கேற்பாளர்களைப் பாதுகாக்கவே இந்த விதி என்று எழுதியிருந்தார்கள். கேட்பவரே பங்கேற்பாளர்தான் என்று பதில் எழுதினேன். அவர் யார் என்று உங்களுக்கு எப்படித் தெரியும் என்று கேட்டு இன்னொரு கடிதம் வந்தது. அதோடு ஒப்பந்தத்தை மீறியதாக எனக்கு ஓர் எச்சரிக்கை. கேத்தரின் எனக்காகப் பேசிப் பார்த்தார். அவரால் ஒன்றும் முடியவில்லை. வாழ்க்கை முழுக்கக் கோரிக்கைகள் எந்த மேசையில் தேங்கும் என்று ஆராய்ந்தவர், தன் கட்டடத்து மேசையைத் தாண்ட முடியாமல் நின்றார்.

வழி சொன்னது என் மகள் மீரா. பதினேழு வயது. இங்கேயே பிறந்தவள். மரக்காணத்தை 'உங்க ஊர்' என்பாள், ஒரு நாளும் 'நம்ம ஊர்' என்று சொன்னதில்லை. நான் போனில் சத்தமாகத் தமிழ் பேசினால் அறைக் கதவைச் சாத்திக்கொள்வாள். அன்று சாப்பிட வந்தவள் என் முகத்தைப் பார்த்து விஷயத்தைக் கேட்டாள். சொன்னேன்.

"கொட்டாய்னா ஷெட் தானே? தாத்தா வீட்டு மாட்டுக்கு இருக்குமே."

"ஆமாம்."

"அப்புறம் ஏன் சினிமான்னு போட்டாங்க?" என்று கேட்டுவிட்டு, பதிலுக்குக் காத்திருக்காமல் சொன்னாள். "அம்மா, அது அந்த ஆன்ட்டியோட வாய்ஸ். அவங்களே கேட்டா குடுத்துத்தான் ஆகணும். லா இருக்கு. ஸ்கூல்ல படிச்சோம்."

அவரவரைப் பற்றி ஓர் அலுவலகம் வைத்திருக்கும் விவரத்தை அவரவரே எழுதிக் கேட்கலாம் என்று இங்கே ஒரு சட்டம் இருப்பது உண்மைதான். மீரா படிவத்தைத் தேடி எடுத்தாள். முருகையன் அதை அச்சிட்டு அஞ்சலாட்சியிடம் கையெழுத்து வாங்கி, ஆதார் நகலோடு ஸ்கேன் செய்து அனுப்பினான். ஒரு வாரத்தில் திரும்பி வந்தது. குடும்பப் பெயர் என்ற கட்டம் காலியாக இருக்கிறதாம்.

"குடும்பப் பேரா? எங்க குடும்பத்துக்கு ஏது பேரு?" என்றாள் அஞ்சலாட்சி. "அஞ்சலாட்சின்னா ஊருக்கே தெரியும்னு எழுதுடா முருகையா."

கடைசியில் செத்துப்போன கணவரின் பெயரைக் கட்டத்தில் எழுதி அனுப்பினோம். ஏழுமலை உயிரோடு இருந்தபோது எந்த அரசாங்கமும் அவரைத் தேடியதில்லை. மனைவி தன் குரலைத் திரும்பக் கேட்கும்போது அவர் பெயர் கட்டாயம் வேண்டியிருந்தது.

6

ஏப்ரல் நடுவில் ஒலிக்கோப்பு வந்தது. முருகையன் கடையில் அஞ்சலாட்சியும், இங்கே நானும் மீராவும் ஒரே நேரத்தில் கேட்டோம்.

அஞ்சலாட்சியின் குரல் அப்படியே இருந்தது. ஒதுங்கும் இடம், நிழல், குப்பம்மா, தண்ணீர். குப்பம்மாவின் பெயர் வரும் இடத்தில் மட்டும் ஒரு வெட்டு. "வேற ஒண்ணும் கேக்கல" என்று முடிக்கிறாள். அதற்குப் பிறகும் பதிவு ஓடுகிறது, ஆனால் சுத்தமாக ஒன்றுமில்லை. காற்றுச் சத்தம்கூட இல்லை.

மற்றவர்களின் தனியுரிமையைக் காக்க அவர்கள் குரல்கள் நீக்கப்பட்டன என்று கூடவே ஒரு கடிதம். தலைவர் "ஏத்திக்கலாம்" என்றது போய்விட்டது. கூட்டம் கத்தியது போய்விட்டது. கைதட்டலும் போய்விட்டது. யாருமே இல்லாத வெளியில் ஒருத்தி தனியாகப் பேசிக்கொண்டிருப்பது போல ஆக்கி அனுப்பியிருந்தார்கள்.

ஊரில் ஒருவர் எழுதாமல் விட்டதை, இங்கே இன்னொருவர் சட்டப்படி அழித்திருக்கிறார். இரண்டுக்கும் என்ன வித்தியாசம் என்று யாராவது படித்தவர்கள் எனக்குச் சொல்லுங்கள். நான் மேசையைத் தட்டிக் கத்தினேன். மீரா என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

அஞ்சலாட்சி கத்தவில்லை. "இன்னொரு தபா போடு" என்றாள். மறுபடியும் கேட்டாள். "என் பேச்சு இருக்குதில்ல? போதும். மிச்சம் பேசுனவங்க எங்க போயிட்டாங்க? இங்கதான இருக்குறாங்க?"

7

மே ஒன்று. அங்கே காலை பதினொன்று, இங்கே ஆறரை. முருகையன் போனைத் தூக்கிப் பிடித்திருந்தான். பள்ளிக்கூட வராந்தாவில் தலைவரும் கிளார்க்கும், எதிரே பந்தலுக்கடியில் ஊர்.

அஞ்சலாட்சி எழுந்து மைக்கில் இன்னொரு போனை வைத்துப் பதிவை ஓடவிட்டாள். அவள் குரல் பந்தல் முழுக்கக் கேட்டது. பிறகு அந்த மௌனம் தொடங்கியது.

கிளார்க் சிரித்தார். "இன்னாம்மா இது? ஒண்ணுமே கேக்கல?"

"இருங்க சார்" என்றாள். போனை நிறுத்தவில்லை.

கால் நிமிடம் போயிருக்கும். பின்னாலிருந்து ஒரு பெண் குரல் வந்தது. "இந்த எடத்துலதான் தலைவரு, ஏத்திக்கலாம்னு சொன்னாரு." அது குப்பம்மா என்று முருகையன் என்னிடம் முணுமுணுத்தான். வேறொருவர், "ஆமா, எல்லாரும் இன்னா சொல்றீங்கன்னு கேட்டாருல்ல" என்றார். "ஏத்துங்கன்னு நான்தான் மொதல்ல கத்துனேன்" என்றது ஒரு கிழவரின் குரல். அதன் பிறகு யார் என்ன சொன்னார்கள் என்று பிரித்துக் கேட்க முடியவில்லை. போன வருடம் கைதட்டியவர்கள் இப்போதும் தட்டினார்கள்.

அஞ்சலாட்சி தலைவர் பக்கம் திரும்பினாள். "சார், உங்க எடம் மட்டும் காலியா இருக்குது. நீங்க சொன்னத நீங்களே சொல்லிடுங்க."

தலைவர் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார். "இப்ப யாரும்மா இல்லன்னு சொன்னது? ஏத்திக்கலாம். மொதல்ல எல்லாரும் கையெழுத்துப் போடுங்க, நேரமாவுது."

ஒரு பெண்ணும் எழுந்திருக்கவில்லை. "எழுதிட்டு வாங்க, போடறோம்" என்றாள் குப்பம்மா. பெண்கள் கையெழுத்துப் போடாவிட்டால் கூட்டத்துக்குப் போதுமான ஆள் கணக்கு வராது என்பது கிளார்க்குக்கு நன்றாகவே தெரியும். அஞ்சலாட்சிக்கும் தெரிந்திருந்தது. யாரும் அவளுக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. கேத்தரின் புத்தகம் எழுதும் அந்தத் தினசரி வேலையைத்தான் அவள் என் கண் முன்னால் செய்துகொண்டிருந்தாள்.

கிளார்க் எழுதினார். அஞ்சலாட்சி புத்தகத்தை வாங்கி எழுத்துக் கூட்டி மைக்கில் வாசித்தாள். பாதியில் நின்றுவிட்டாள்.

"இன்னா சார், நெழற்கொடைன்னு போட்டிருக்கீங்க? நாங்க பஸ்சுக்கா நிக்கிறோம்? கக்கூசு எங்க?"

"அதெல்லாம் அதுலயே அடங்கும்மா."

"அடங்காது சார். எழுதுங்க."

பொம்பளைகள் பக்கம் ஒரே சிரிப்பு. கிளார்க் அடித்துவிட்டு மறுபடி எழுதினார். பெண் தொழிலாளர்களுக்குக் கழிப்பறை, தண்ணீர்த் தொட்டி, நிழலுக்குக் கொட்டகை என்று அவள் தலைப்பிலிருந்து கடைசி வரைக்கும் வாசித்து முடித்த பிறகுதான் வரிசையில் போய்க் கையெழுத்துப் போட்டார்கள்.

திரும்பிப் பார்த்தால், பள்ளிச் சீருடையோடு மீரா என் பின்னால் நின்றிருந்தாள். எவ்வளவு நேரமாக நின்றாளோ தெரியாது. "கக்கூஸ்னா டாய்லெட்டா?" என்று கேட்டாள். ஆமாம் என்றேன். "சினிமாவே பரவாயில்லைன்னு அந்த கிளார்க் நினைச்சிருப்பான்" என்று சொல்லிவிட்டு பஸ்ஸுக்கு ஓடினாள்.

8

என் ஒப்பந்தம் இந்த மாதத்தோடு முடிகிறது. நீட்டிக்கவில்லை. நான் கேட்கவும் இல்லை. கேத்தரின் மாநாட்டுக்காரர்களுக்குத் திருத்தம் எழுதி அனுப்பியிருக்கிறார். இந்த வருடக் கூட்டத்தைப் பற்றி அஞ்சலாட்சியிடம் பேச முடியுமா என்று என்னிடம் கேட்டார். அவளிடம் கேட்டுச் சொன்னேன். "வரட்டும். ரெக்கார்டு பண்ணா மொதல் காப்பிய எங்க கையில குடுத்துட்டுத்தான் ஊரத் தாண்டணும்." கேத்தரின் அதை அலுவலகத்துக்கு எழுதியிருக்கிறார். விதியில் அப்படி ஒரு கட்டம் இல்லை என்று பதில் வந்ததாம்.

தீர்மானம் மேலே எங்கோ போயிருக்கிறது. எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. ஆனால் அப்பாவின் குத்தகையில் ஒரு பங்கு இன்னும் முருகையன் பெயரில், பெண்கள் வேலை செய்யும் பாத்திகளை ஒட்டியே இருக்கிறது. கூட்டம் முடிந்த அன்று மாலையே அவனைக் கூப்பிட்டேன். பர்மிஷன் வாங்கணும், பக்கத்து அளத்துக்காரங்க என்ன சொல்லுவாங்களோ என்று இழுத்தான். இழுத்து முடிக்க நான் விடவில்லை. என்ன சொன்னேன் என்பதை இங்கே எழுத முடியாது.

நேற்று காலை வீடியோ வந்தது. பாத்தி ஓரத்தில் நான்கு கம்பமும் ஒரு கீற்றுக் கூரையும். பக்கத்திலேயே கழிப்பறைக்குக் குழி வெட்டியிருக்கிறார்கள். தண்ணீர் டிரம் ஒன்று. நிழலில் அஞ்சலாட்சி ஒரு சொம்பை அண்ணாந்து, கழுத்து நனையக் குடித்துக்கொண்டிருந்தாள். குடித்து முடித்து வாயைத் துடைத்துக்கொண்டு போனைப் பார்த்துச் சொன்னாள்.

"பாத்துட்டியா பாப்பா? நல்லாத்தான் இருக்குது. ஆனா நான் தேங்க்ஸ் சொல்லுவேன்னு மட்டும் காத்திருக்காத."

காத்திருக்கவில்லை என்றேன்.